மலிவு விலைப் பெட்டியும் நம் வீட்டு இணையமும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மாதச் சந்தா இல்லாமல் எல்லாத் தமிழ் ஒளிவழிகளையும் காட்டும் ஆண்ட்ராய்டு பெட்டிகளை (தொலைக்காட்சியோடு இணைக்கும் சிறு இணையப் பெட்டிகளை) பற்றிச் சிங்கப்பூரில் நம்மவரிடையே பேச்சு எழும்போது, அது சட்டப்படி சரியா, எவ்வளவு பணம் மிச்சமாகும் என்ற இரண்டு கேள்விகளோடு பேச்சு முடிந்துவிடுகிறது. செயற்கைக்கோள் தொலைக்காட்சியின் குறியாக்க வரலாற்றை, அதாவது சந்தா கட்டாதவர் பார்க்க முடியாதபடி ஒளிபரப்பைப் பூட்டும் முறைகளின் வரலாற்றை, நெடுங்காலமாக ஆர்வத்தோடு படித்து வருபவன் என்ற முறையில், அந்தப் பெட்டியின் உள்ளே இருப்பது யாருடைய கட்டுப்பாட்டில் இயங்குகிறது என்ற கேள்வியையும் வாசகர்கள் முன் வைக்க விரும்புகிறேன்.

அமெரிக்காவில் ஹெச்பிஓ என்ற கட்டண ஒளிவழி நிறுவனம் 1986 ஜனவரி 15 முதல் தன் செயற்கைக்கோள் ஒளிபரப்பை முழுநேரமும் பூட்டி அனுப்பத் தொடங்கியது. அதுவரை கொல்லைப்புறத்தில் பெரிய டிஷ் வைத்து இலவசமாகப் பார்த்து வந்தவர்கள் கொதித்தெழுந்தார்கள். அதே ஆண்டு ஏப்ரல் 27 அன்று, ஃபுளோரிடாவில் செயற்கைக்கோள் நிலையம் ஒன்றில் பணியாற்றியவர் ‘கேப்டன் மிட்நைட்’ என்ற பெயரில் அந்த ஒளிவழிக்குள் புகுந்து, 12.95 டாலர் மாதக் கட்டணத்தைக் கண்டிக்கும் வாசகத்தைச் சில நிமிடங்கள் திரையில் காட்டினார். ஹெச்பிஓ பயன்படுத்திய வீடியோசைஃபர் 2 முறையில், ஒலி மட்டுமே அமெரிக்க அரசின் தரமாக இருந்த ‘டெஸ்’ குறியாக்கத்தால் காக்கப்பட்டது. படம் வெறுமனே குலைக்கப்பட்டது. திருட்டுப் பெட்டி விற்றவர்கள் டெஸ்ஸை உடைக்க முயன்று காலத்தை வீணாக்கவில்லை. பெட்டியைத் திறந்து சில்லுகளை மாற்றி, முறையாகச் சந்தா கட்டிய ஒரு பெட்டியின் அடையாளத்தை வேறு பல பெட்டிகளுக்குள் நகலெடுத்தார்கள்.

பிறகு வந்த முறைகளிலும் இதுவே நடந்தது. பிரிட்டனின் ஸ்கை தொலைக்காட்சி நிறுவனம் பயன்படுத்திய வீடியோகிரிப்ட் என்ற முறை, படத்தின் ஒவ்வொரு வரியையும் ஓரிடத்தில் வெட்டி, இரு துண்டுகளையும் இடம் மாற்றி அனுப்பியது. எங்கே வெட்டப்பட்டது என்பதைக் கண்டறியும் ரகசியம் சந்தாதாரர் தம் பெட்டியில் செருகும், சில்லு பதித்த அட்டையில் (ஸ்மார்ட் கார்டில்) இருந்ததால், தாக்குதல் முழுவதும் அந்த அட்டையின் மீதே குவிந்தது. ஜெர்மனியில் இருந்தவர்களுக்கு ஸ்கை சந்தாவை முறையாக வாங்க வழியில்லை. அங்கே மாணவராக இருந்த மார்க்குஸ் கூன், அட்டையின் வேலையைக் கணினியே செய்யும்படி ஒரு மென்பொருளை எழுதினார். பணம் கொடுக்கத் தயாராக இருந்தவருக்கும் கதவு மூடப்பட்டிருந்தது என்பதை இங்கே நான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன்.

நிறுவனங்களும் சும்மா இருக்கவில்லை. அமெரிக்கச் செயற்கைக்கோள் தொலைக்காட்சி நிறுவனமான டைரக்டிவி பல மாதங்களாகச் சிறு சிறு துணுக்குகளாக நிரல்களைச் செயற்கைக்கோள் வழியே அட்டைகளுக்கு அனுப்பி வைத்து, 2001 ஜனவரி 21 அன்று, அமெரிக்கக் காற்பந்தின் இறுதி ஆட்டமான சூப்பர் பௌல் போட்டிக்குச் சரியாக ஒரு வாரம் இருக்கும்போது, அவற்றைக் கொண்டு திருட்டு அட்டைகளை ஒரேயடியாகச் செயலிழக்க வைத்தது. அந்த நாள் இன்றும் ‘கறுப்பு ஞாயிறு’ என்றே நினைவுகூரப்படுகிறது. ஆனால் அட்டையின் ரகசியத்தை உடைக்கத் தேவையே இல்லாத வழி ஒன்று அடுத்து வந்தது. மின்னிலக்க ஒளிபரப்பில் படத்தைத் திறக்கும் சாவி ஏறத்தாழ 10 விநாடிக்கு ஒருமுறை மாறும். முறையாகக் காசு கட்டி வாங்கிய ஓர் அட்டை அந்தச் சாவியைக் கண்டறிந்தவுடன், அதை இணையம் வழியாக மற்றப் பெட்டிகளுக்கு அனுப்பினால் போதும். இணைய வேகம் கூடிய பிறகு, சாவிக்குப் பதிலாக, திறக்கப்பட்ட படத்தையே அனுப்பத் தொடங்கினார்கள். நம் வரவேற்பறைக்கு வந்திருக்கும் பெட்டி இந்த வம்சத்தைச் சேர்ந்தது.

முன்பு திருட்டு அட்டை வாங்கியவருக்கு, அது ஒரு நாள் வேலை செய்யாமல் போகும் என்பதே பெரிய இழப்பாக இருந்தது. இப்போது நாம் வாங்குவது, வீட்டின் வைஃபையில் நாள் முழுவதும் இணைந்திருக்கும் ஒரு முழுக் கணினி. 2023இல், டி95 என்ற மலிவுப் பெட்டியில் தீங்கு நிரல் விற்பனைக்கு முன்பே பதிந்திருந்தது அம்பலமானது. ‘பேட்பாக்ஸ்’ எனப்படும் அவ்வகை நிரல் பதிந்திருந்த சுமார் 30,000 சாதனங்கள் மோசடிக்காரர்களோடு கொண்டிருந்த தொடர்பை 2024 டிசம்பரில் ஜெர்மனியின் இணையப் பாதுகாப்பு அமைப்பு துண்டித்தது. 2025 ஜூனில் அமெரிக்காவின் புலனாய்வு அமைப்பான எஃப்பிஐ இதைப் பற்றிப் பொதுமக்களை எச்சரித்தது. இத்தகைய பெட்டி, முன்பின் தெரியாதவர்கள் நம் இணைய முகவரிக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு மோசடி செய்ய வழிவிடும். படம் தெளிவாக ஓடிக்கொண்டிருப்பதால், வீட்டில் யாருக்கும் சந்தேகமே வராது.

சிங்கப்பூரில் சட்டம் தெளிவாகவே இருக்கிறது. 2021 நவம்பரில் நடப்புக்கு வந்த பதிப்புரிமைச் சட்டத்தின்கீழ், இத்தகைய பெட்டிகளை விற்போருக்கு 100,000 வெள்ளி வரை அபராதமும் ஐந்தாண்டு வரை சிறையும் விதிக்கப்படலாம். 2022 அக்டோபரில் சிம் லிம் ஸ்குவேர் மின்னணுப் பொருள் கடைத்தொகுதியில் நடந்த சோதனையில் 17 பேர் கைதானார்கள். இருந்தாலும் கடைக்காரரைப் பிடிப்பதால், ஏற்கெனவே நம் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீடுகளில் ஓடிக்கொண்டிருக்கும் பெட்டி அணைந்துவிடாது. அதைப் பெரும்பாலும் பயன்படுத்துவோர், பகலில் தனியாக இருந்து தொடர் பார்க்கும் பெற்றோரும் தாத்தா பாட்டிமாரும்தான். அவர்களைக் குற்றவாளிகளைப் போல் நடத்துவதை நான் ஏற்கமாட்டேன்.

ஆகவே இரண்டு வேண்டுகோள்கள். கட்டணத் தொலைக்காட்சி நிறுவனங்கள், ஒரு முதியவர் தமக்குப் பிடித்த இரண்டு மூன்று தமிழ் ஒளிவழிகளை மட்டும், நீண்ட ஒப்பந்தம் இல்லாமல், கட்டுப்படியான விலையில் வாங்க வழிசெய்ய வேண்டும். வீட்டிலுள்ள இளையர்கள், அடையாளம் தெரியாத பெட்டி இருந்தால் அதை வைஃபையிலிருந்து இன்றே துண்டித்து, வைஃபையின் கடவுச்சொல்லை மாற்றி, பெரியவர்களுக்கு முறையான சந்தாவோ, சிங்கப்பூரின் இலவசத் தமிழ் ஒளிவழியான வசந்தமோ கிடைக்கும்படி அமைத்துத் தர வேண்டும்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
ஈசூன்