மெமோ வாங்கிய பெண்

அன்புள்ள செல்வி,

திட்டாதே. பொங்கலுக்கே எழுதியிருக்க வேண்டியது. அம்மா நலம், முழங்கால்தான் பழையபடி படுத்துகிறது. ஹாஸ்டல் வார்டன் அம்மாவைக் கடைத்தெருவில் பார்த்தேன். முதலில் உன்னைத்தான் கேட்டார், அந்த இட்லிக் குண்டானையும்!

விஷயத்துக்கு வருகிறேன். போன வாரம் இரவு டூட்டியில் எங்கள் வார்டின் புதுப் பெண், ஆன்டிபயாடிக் கலக்க டிஸ்டில்டு வாட்டர் பெட்டியில் கைவிட்டு ஓர் ஆம்ப்யூல் குப்பியை எடுத்திருக்கிறாள். உடைக்கும் முன் லேபிளைப் படித்தாள். பொட்டாசியம் குளோரைடு! இரண்டும் 10 மில்லி, இரண்டும் தண்ணீர்போல இருக்கும். டிரிப்பில் கலந்து மெதுவாக ஏற்றினால் மருந்து, நேரே ஏற்றினால் இதயம் நின்றுவிடும். உனக்குத் தெரியாததா?

அவள் ஒழுங்காக இன்சிடென்ட் ரிப்போர்ட் எழுதிக் கொடுத்தாள். மறுநாள் கையில் மெமோ, ‘வேலையில் கவனக்குறைவு’ என்று. அந்தப் பெட்டியில் அதைப் போட்டது யார் என்று ஒருவரும் கேட்கவில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இனி அந்த வார்டில் யார் வாயைத் திறப்பார்கள்? அடுத்த தடவை ஆம்ப்யூலைச் சத்தமில்லாமல் குப்பையில் போட்டுவிட்டு, டீ குடிக்கப் போய்விடுவார்கள்.

அடர் பொட்டாசியத்தை வார்டு ஸ்டாக்கிலிருந்து எடுத்துவிடச் சொல்லி உலக சுகாதார நிறுவனம் 2007-லேயே சொல்லியாயிற்று. இங்கே என்னடா என்றால் ‘கவனமாக இரு’ என்று ஒரு சர்க்குலர். காசு செலவில்லை, பார்.

அதே நிறுவனம் 2008-ல் கொண்டுவந்த ஆபரேஷன் தியேட்டர் செக்லிஸ்ட் ஞாபகமிருக்கிறதா? கத்தி வைக்கும் முன் எல்லோரும் பெயர் சொல்ல வேண்டும் என்றதும், நம் பெரியவர் “இதென்ன எல்கேஜியா?” என்று முறைத்தாரே! மொத்தம் 19 விஷயங்கள்தான். டெல்லி உட்பட எட்டு நகரங்களில் நகருக்கொரு மருத்துவமனையில் செய்து பார்த்தபோது, அறுவை சிகிச்சைக்குப் பிந்தைய இறப்பு 1.5 சதவீதத்திலிருந்து 0.8 ஆனது. தாளில் டிக் அடித்ததாலா குறைந்தது? கடைசியில் நிற்கும் நர்சும் “சார், ஒரு நிமிஷம்” என்று சொல்லலாம் என்றானதே, அதுதான் காரணம் என்பேன்.

சரி, சண்டை போட்டுப் பொட்டாசியத்தைப் பூட்டிய அலமாரிக்கு மாற்றவைத்துவிட்டேன். மெமோ மட்டும் ஃபைலிலேயே கிடக்கிறது. உங்கள் மருத்துவமனையில் பெயர் போடாமல் எழுதிக் கொடுக்கும் ஃபாரம் இருக்கிறது என்றாயே, அதில் ஒரு நகல் அனுப்பு. புதன்கிழமை கமிட்டி கூடுகிறது. உன் வழக்கமான “நாளைக்கு” எல்லாம் இதில் வேண்டாம்.

அன்புடன்,
மல்லிகா