கடைசித் தெருக் குழாயில் குளோரின் எவ்வளவு?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பிதழின் நலவாழ்வுப் பக்கத்தில், ‘குழாய்த் தண்ணீரில் குளோரின் வாடை அடித்தால் கீழே கொட்டிவிடுங்கள், அது நஞ்சு’ என்றொரு வரியைக் கட்டம் கட்டி வெளியிட்டிருந்தீர்கள். நகராட்சி ஒன்றின் நீரேற்று நிலையத்தில் பணியாற்றி ஓய்வு பெற்ற எனக்கு அதைப் படித்ததும் எப்படி இருந்திருக்கும் என்பதைத் தங்களுக்கு விளக்க வேண்டியதில்லை. அந்தக் கட்டத்துக்கு நேர் கீழே நீர் சுத்திகரிப்பு இயந்திரத்துக்கான அரைப்பக்க விளம்பரம் வந்திருந்தது தற்செயல்தான் என்று நம்பவே விரும்புகிறேன்.

குடிநீரில் லிட்டருக்கு 5 மில்லிகிராம் வரை குளோரின் இருக்கலாம் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் வழிகாட்டு அளவு. சிலருடைய நாக்கும் மூக்கும் 0.3 மில்லிகிராமிலேயே அதைக் கண்டுகொள்கின்றன. குடிநீருக்கான நம் நாட்டின் ஐ.எஸ். 10500 தரநிலையோ, குளோரின் கலந்து வழங்கப்படும் நீரில் குறைந்தது 0.2 மில்லிகிராமாவது பயன்படுத்துவோரின் குழாய் வரையில் எஞ்சியிருக்க வேண்டும் என்கிறது. ஆகவே இலேசான வாடையோடு வரும் தண்ணீர், கிருமிக்கு எதிரான காவலோடு வரும் தண்ணீர். தாங்கள் கொட்டச் சொன்னது அதைத்தான்.

ஆற்று நீரைப் படிகாரம் இட்டுத் தெளிய வைத்து, மணல் வடிகட்டியில் இறக்கி, குளோரின் சேர்த்து அரை மணி நேரம் நிறுத்தினால் நிலையத்தைவிட்டு வெளியேறும்போது பெரும்பாலும் நல்ல தண்ணீராகவே இருக்கும். அது கெடுவது அதற்குப் பிறகு, வரும் வழியில். நம் ஊர்களில் குழாயில் நாள் முழுவதும் தண்ணீர் ஓடுவதில்லை. வால்வை மூடியதும் பள்ளத்துத் தெருக்கள் குழாயிலிருந்த நீரை இழுத்துக்கொள்ள, மேட்டுத் தெருக் குழாயில் வெற்றிடம் உண்டாகிறது. தண்ணீர் நின்ற சிறிது நேரத்தில் அங்கே ஒரு குழாயைத் திறந்து அதன் வாயில் உள்ளங்கையை வைத்துப் பாருங்கள். கையை உள்ளே இழுக்கும். கையை இழுக்கும் அதே விசைதான், சாக்கடைக்குள் நனைந்து கிடக்கும் வீட்டு இணைப்பின் ஓட்டை வழியாகச் சாக்கடை நீரையும் இழுக்கிறது. போதாக்குறைக்கு, நேராகக் குழாயிலேயே மோட்டாரை மாட்டி உறிஞ்சும் புண்ணியவான்கள் இல்லாத தெருவும் இல்லை. உள்ளே வந்துவிடும் கிருமியை எதிர்கொள்ள அங்கே எஞ்சியிருக்கும் குளோரினைத் தவிர வேறு எதுவும் இல்லை. கசிவு பெரிதானால் அதுவும் போதாது.

நான் பணியில் இருந்த காலத்தில், மேல்நிலைத் தொட்டியின் அடியில் சோதனைக் குழாயில் நீரைப் பிடித்து குளோரின் இருப்பதை நிறம் மாறிக் காட்டும் ஆர்த்தோடோலிடின் மருந்தைச் சொட்டு விட்டால் நல்ல மஞ்சளாக மாறும். அதே தொட்டியின் கடைக்கோடித் தெருவில் பிடித்த நீரில் எத்தனை சொட்டு விட்டாலும் நிறம் மாறாது. பதிவேட்டில் ஏறியது என்னவோ தொட்டியடி அளவு மட்டுமே. அதுவும் மாதம் முழுவதும் ஒரே எண்ணாக. அந்தக் கடைக்கோடித் தெருவில் மஞ்சள் காமாலை வந்தபோது, தங்கள் நாளிதழ் உட்பட எல்லாப் பத்திரிகைகளும் ‘பொதுமக்கள் தண்ணீரைக் காய்ச்சிக் குடிக்குமாறு அதிகாரிகள் அறிவுறுத்தினர்’ என்று எழுதி முடித்துக்கொண்டன. குழாயில் குளோரின் எவ்வளவு இருந்தது என்று ஒரு நிருபர்கூடக் கேட்கவில்லை. பெரிய மனிதர் யாரேனும் ஊருக்கு வந்தால் சாலையோரம் பிளீச்சிங் பவுடரைக் கோலம் போட்டதுபோல் தூவுகிறார்கள். அதற்கு வண்ணப் படம் வெளியிடத் தங்களிடம் இடம் இருக்கிறது. தொட்டியில் கரைக்க வேண்டிய பிளீச்சிங் பவுடரோ வாய் திறந்த மூட்டையாக ஈரத் தரையில் கிடக்கும். புதிதாக இருக்கையில் அதில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு வேலை செய்யும் குளோரின். காற்றும் ஈரமும் பட்டுக் கிடந்தால் நாளடைவில் மிஞ்சுவது வெறும் சுண்ணாம்பு.

குளோரின் சர்வரோக நிவாரணி என்று நான் சொல்ல வரவில்லை. 1955ஆம் ஆண்டின் இறுதியில் டெல்லியில் யமுனையிலிருந்து நீர் எடுக்கும் இடத்தில் சாக்கடை கலந்தபோது குளோரினைக் கூட்டியே சேர்த்தார்கள். டைபாய்டு பெருகவில்லை, மஞ்சள் காமாலையோ ஏறத்தாழ 29,000 பேருக்கு வந்தது. கலங்கலும் கழிவும் மிகுந்த நீரில் குளோரின் தோற்றுப்போகும் என்பதற்கு இதைவிடப் பெரிய சாட்சி வேண்டாம். நீரில் உள்ள மக்கிய பொருள்களோடு குளோரின் சேர்ந்து வேண்டாத வேதிப்பொருள்கள் உண்டாவதும் உண்மையே. முன்கூட்டியே நன்றாக வடிகட்டினால் அவை குறையும்; அவற்றுக்குப் பயந்து கிருமி நீக்கத்தில் சமரசம் செய்யக் கூடாது என்பதையும் உலக சுகாதார நிறுவனமே சொல்கிறது. அதே நலவாழ்வுப் பக்கத்தில் தங்கள் கட்டுரையாளர் பரிந்துரைத்த நீர் சுத்திகரிப்பு இயந்திரமோ குளோரினை முழுவதுமாக எடுத்துவிடுகிறது. அந்தத் தண்ணீரைக் குடத்தில் ஊற்றி இரண்டு நாள் வைத்து, கை நனையச் சொம்பு விட்டு மொள்ளும் வீடுகளைப் பற்றி அவர் ஒரு வரியும் எழுதவில்லை.

என் கோரிக்கை மிகச் சிறியது. மேட்டூர் அணையின் நீர்மட்டத்தை நாள்தோறும் அச்சிடும் தாங்கள், அதன் கீழே வாரம் ஒருமுறை நம் ஊரின் ஒவ்வொரு தொட்டிக்கும் கடைக்கோடித் தெருக் குழாயில் எடுத்த குளோரின் அளவை நகராட்சியிடம் கேட்டு வெளியிட வேண்டும். தர மறுத்தால், ‘தரவில்லை’ என்றே அச்சிடுங்கள். முன்பும் இதையே எழுதியிருந்தேன். இடமின்மையால் வெளியிட இயலவில்லை என்று தங்கள் அலுவலகத்திலிருந்து அன்போடு பதில் வந்தது. இம்முறை இடம் வேண்டுமானால், அந்த நலவாழ்வுக் கட்டத்தையே எடுத்துக்கொள்ளலாம்.

தங்கள் உண்மையுள்ள,
ஓய்வு பெற்ற நீரேற்று நிலைய ஊழியர்