நீட்டிய கை

அன்புள்ள செந்திலுக்கு,

ஞாயிற்றுக்கிழமை போனில் நீ பேசியது இரண்டு நாளாக மனதை அறுத்துக்கொண்டே இருக்கிறது. சொந்தக் கதையைப் படமாக்கப் போனவன், தொலைக்காட்சித் தொடரில் மூத்த மாப்பிள்ளையாக நடித்து வாடகை கட்டுகிறேன், வெட்கமாக இருக்கிறது என்றாய். எனக்கு அப்போது வார்த்தை வரவில்லை. ராத்திரி படுத்த பிறகுதான் விட்டோரியோ டி சிகாவின் நினைவு வந்தது.

உனக்கு அவர் 'பைசைக்கிள் தீவ்ஸ்' இயக்குநர். இத்தாலிக்காரர்களுக்கோ அவர் முதலில் நடிகர். 1901-இல் சோராவில் பிறந்து, நாடக மேடையில் தேறி, 1932-இல் மாரியோ காமெரினியின் படமொன்றில் பாடி நடித்து, நாடே கொண்டாடும் காதல் நாயகனானவர். முதல் படத்தை இயக்கும்போது வயது நாற்பதைத் தொட்டுக்கொண்டிருந்தது.

1946-இல் செருப்புக்குப் பாலிஷ் போடும் ரோம் நகரத்துச் சிறுவர்களைப் பற்றி 'ஷூஷைன்' எடுத்தார். ஆஸ்கர் சிறப்பு விருது கிடைத்தது. சொந்த நாட்டில் படம் ஓடவில்லை. அடுத்த படத்துக்குப் பணம் தேடி அலைந்தபோது, கேரி கிராண்டை நாயகனாகப் போட்டால் தருகிறேன் என்றார் ஹாலிவுட் தயாரிப்பாளர் செல்ஸ்னிக். டி சிகா மறுத்துவிட்டு லம்பெர்தோ மஜ்ஜோரானி என்ற ஆலைத் தொழிலாளியை நடிக்கவைத்தார். அதுதான் 1948-இல் வந்த 'பைசைக்கிள் தீவ்ஸ்'.

ஆனால் நான் உனக்குச் சொல்ல நினைத்தது 'உம்பர்தோ டி'யைப் பற்றி. 1952-இல் வந்தது, தன் தந்தைக்கு அவர் காணிக்கையாக்கிய படம். உன் அப்பாவும் நானும் திரைப்படச் சங்கத்தில் பார்த்தோம். ஓய்வூதியம் போதாத ஒரு முதியவர், கட்டவேண்டிய வாடகை பாக்கி, ஒரு நாய். பாந்தியன் கோவில் அருகே நின்று பிச்சை கேட்கக் கையை நீட்டிப் பார்க்கிறார். வழிப்போக்கர் ஒருவர் நின்று பணத்தை எடுக்கிறார். அதற்குள் முதியவரின் கை சட்டென்று புரண்டுவிடுகிறது, மழை தூறுகிறதா என்று பார்ப்பதுபோல. பிறகு தொப்பியை நாயின் வாயில் கொடுத்துவிட்டு ஒதுங்கி நிற்கிறார். அன்று வீடு வந்து சேரும்வரை அப்பா ஒரு வார்த்தை பேசவில்லை.

அந்த முதியவராக வந்த கார்லோ பத்திஸ்தி மொழியியல் பேராசிரியர். நடிப்புத் தொழில் அறியாதவர். நடிக்கத் தெரியாதவர்களுக்கு டி சிகா தானே நடித்துக் காட்டிச் சொல்லிக்கொடுப்பாராம். மேடையில் அத்தனை வருடம் நின்றிராவிட்டால், ஒரு மனிதனின் மானம் கை புரளும் அந்த ஒரு நொடிக்குள் அடங்கும் என்று அவருக்கு எங்கே தெரிந்திருக்கும்?

அந்தப் படமும் ஓடவில்லை. மறு வருடமே 'பிரெட், லவ் அண்ட் ட்ரீம்ஸ்' படத்தில் கிராமத்துப் போலீஸ் அதிகாரியாகச் சிரிக்கவைத்தார், ஜனங்கள் அள்ளிக்கொண்டார்கள். அதன்பின் பணத்துக்காக நடித்த படங்கள் ஏராளம். சம்பாதித்ததில் நிறையச் சூதாட்டத்தில் போயிற்று, அதை நான் மெச்சமாட்டேன். ஆனாலும் 1959-இல் ரோசெல்லினியின் 'ஜெனரல் தெல்லா ரோவெரே'யில் அவர் நடித்ததைப் பார், கூலிக்கு நடித்தவர் என்று உனக்குச் சொல்ல வாய் வராது. 1960-இல் அவர் இயக்கிய 'டூ விமன்' சோபியா லாரனுக்கு ஆஸ்கர் வாங்கிக்கொடுத்தது. 1970-இல் எடுத்த 'தி கார்டன் ஆஃப் தி ஃபின்சி-கொன்தினிஸ்' படத்துக்கும் ஆஸ்கர் கிடைத்தது. அதற்கு நாலு வருடம் கழித்துக் காலமானார். கடைசிவரை நடிப்பை விடவில்லை.

தொடரில் உன்னோடு நடிக்கும் பெரியவர்கள் எப்படி உட்காருகிறார்கள், காத்திருக்கும் நேரத்தில் கையை எங்கே வைத்துக்கொள்கிறார்கள் என்று கவனி. உன் கதையில் தாத்தா கடன் கேட்கப் போகும் இடம் எனக்கு இன்னும் கண்ணில் நிற்கவில்லை. தீபாவளிக்கு வரும்போது அந்த நோட்டைக் கொண்டுவா. வாசித்துக் காட்ட வேண்டாம், கூடத்தில் நின்று எனக்கு நடித்துக் காட்டு.

அன்புடன்,
அம்மா