ஹெலன் வாக்னரின் நடிப்பைப் பொதுக் காப்பகத்தில் சேர்க்குமாறு ஒரு வேண்டுகோள்

ப்ராக்டர் அண்ட் கேம்பிள் நிறுவன நிர்வாகத்தினருக்கு,

வணக்கம். உங்கள் நிறுவனம் தயாரித்த ‘ஆஸ் தி வேர்ல்ட் டர்ன்ஸ்’ என்னும் பகல்நேரத் தொடர் 1956 ஏப்ரல் 2 அன்று அமெரிக்காவின் சிபிஎஸ் தொலைக்காட்சியில் தொடங்கியபோது, கணவருக்குக் காலை வணக்கம் சொல்லி அதன் முதல் வசனத்தைப் பேசியவர் ஹெலன் வாக்னர். அன்று ஏற்ற நான்சி ஹியூஸ் பாத்திரத்தில், இடையிடையே விலகியிருந்த காலம் தவிர, 2010 மே 1 அன்று தமது 91ஆம் வயதில் மறையும் வரை நீடித்தார். அதே ஆண்டு செப்டம்பர் 17 அன்று தொடரும் முடிவுக்கு வந்தது. அந்தத் தொடரின் பதிவுகளில் எஞ்சியிருப்பவற்றைப் பாதுகாத்துப் பொதுப் பார்வைக்கு வைக்க வேண்டும் என்று கேட்கவே இதை எழுதுகிறேன்.

தொடங்கிப் பல ஆண்டுகள், 1975 வரை, இத்தொடர் நேரலையாகவே நடிக்கப்பட்டது. வசனம் தடுமாறினால் மறுபடி எடுக்க வழியில்லை. மறுநாளுக்கோ புதிதாக இன்னொரு வசனப் பிரதி காத்திருக்கும். 1963 நவம்பர் 22 அன்று நான்சியும் அவருடைய மாமனாரும் பேசிக்கொண்டிருக்கும் காட்சியின் நடுவே, அதிபர் கென்னடி சுடப்பட்ட செய்தியை சிபிஎஸ் செய்தியாளர் வால்டர் கிராங்கைட்டின் குரல் அறிவித்தது. அரங்கில் இருந்த வாக்னருக்கும் மாமனாராக நடித்த சான்டோஸ் ஒர்டேகாவுக்கும் அது தெரியாது. அவர்கள் தொடர்ந்து நடித்துக்கொண்டிருந்தார்கள். அமெரிக்கத் தொலைக்காட்சி வரலாற்றைப் பேசுவோர் அந்தச் சில நிமிடங்களை இன்றும் செய்திக்காகவே பார்க்கிறார்கள். நானோ, செய்தி குறுக்கிடும் வரை அவர் எவ்வளவு இயல்பாக, எதையும் மிகைப்படுத்தாமல், மாமனாரிடம் குடும்ப விஷயம் பேசுகிறார் என்பதையே கவனிக்க விரும்புகிறேன்.

திரைப்பட நடிகரை நாலைந்து படங்களைக் கொண்டு மதிப்பிட்டுவிடலாம். பகல்நேரத் தொடர் நடிகரை அவ்வாறு மதிப்பிட இயலாது. நான்சி இல்லத்தரசியாகத் தொடங்கி, மாமியாராகி, பாட்டியாகி, கணவர் கிறிஸாக நடித்த டான் மெக்லாக்லின் 1986இல் காலமானபின் கதையிலும் கைம்பெண்ணாகி நின்றார். அந்தப் பாத்திரத்தின் முதுமை ஒப்பனையால் வந்ததன்று, நடிகையின் சொந்த முதுமை. பல்லாண்டுகள் ஒருவருக்கு மனைவியாக நடித்தவர் அவரது மறைவுக்குப் பின் அதே பாத்திரமாக நின்று பேசும்போது, அந்தக் குரலில் கதையின் துயரமும் சக நடிகரை இழந்த துயரமும் கலந்தே இருக்கும் என்று நம்புகிறேன். தொடர்ச்சியாகப் பார்க்காமல் இதை எவரும் உணர முடியாது. 2004இல் அவருக்கு வழங்கப்பட்ட வாழ்நாள் சாதனைக்கான பகல்நேர எம்மி விருது உரிய மரியாதைதான். ஆனால் அந்தச் சாதனை எப்படிப்பட்டது என்பதை நடிப்பின் பதிவுகளே காட்டும்.

தொடக்ககால அத்தியாயங்களில் பெரும்பகுதி காக்கப்படவில்லை. நேரலை முடிந்ததும் காட்சி மறைந்துவிடும். திரையிலிருந்து படச்சுருளில் பிடித்த பிரதிகள் சிலவே பிழைத்தன. ஒளிநாடா விலை உயர்ந்திருந்த அக்காலத்தில், பதிவை அழித்து மறுபடி பயன்படுத்துவது தொலைக்காட்சித் துறையின் பொது வழக்கம். பகலில் வீட்டிலிருந்த பெண்கள் பார்த்த நாடகம் என்பதாலேயே இவற்றைக் காக்கத் தகுதியற்றவையாகக் கருதினார்கள் என்பதே என் எண்ணம். அந்தப் பெண்களை நம்பியே உங்கள் சோப்பும் சலவைத்தூளும் விற்றன. ஆகவே அவர்கள் விரும்பிப் பார்த்ததைக் காக்கும் கடமை உங்களுக்கு இருக்கிறது.

13,000க்கும் மேற்பட்ட அத்தியாயங்களில் இன்று உங்கள் வசமுள்ளவை எவை என்ற முழுப் பட்டியலை, ஒளிபரப்பான நாளும் நடித்தவர்களின் பெயர்களும் சேர்த்து, முதலில் வெளியிடுங்கள். பிறகு அவற்றின் பிரதிகளை அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் போன்ற ஒரு பொது நிறுவனத்திடம் ஒப்படையுங்கள். வணிக உரிமையை நீங்களே வைத்துக்கொள்ளலாம். ஆய்வாளரும் நடிப்புப் பயில்வோரும் அங்கு சென்று பார்க்க அனுமதி இருந்தால் போதும். பழைய படச்சுருளும் நாடாவும் ஆண்டுதோறும் சிதைந்து வருவதால், 1956 முதல் 1975 வரையிலான நேரலைக் காலப் பதிவுகளிலிருந்து இப்பணியைத் தொடங்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தொடர் நடிப்பை மதிக்கும் ஒரு பார்வையாளர்