எப்சிபாவின் உயிரியல் வகுப்பு

அன்புள்ள ஸ்டான்லி,

கர்த்தருடைய கிருபையால் நானும் அப்பாவும் சுகம். அப்பாவுக்குச் சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது. மருமகள் எலிசபெத்துக்கும் பேத்தி எப்சிபாவுக்கும் எங்கள் அன்பைச் சொல்.

எப்சிபாவின் பள்ளியில் பரிணாமப் பாடம் தொடங்கப்போகிறது என்றும், அந்த வகுப்புகளில் உட்காராமலிருக்க விலக்குக் கேட்டுக் கடிதம் கொடுக்கப்போகிறாய் என்றும் எழுதியிருந்தாய். “அம்மா விலங்கியல் டீச்சர், என்ன சொல்வாள் என்று தெரியும். ஆனாலும் ஜெபித்துவிட்டுப் பதில் எழுதச் சொல்லுங்கள்” என்று அப்பாவிடம் தனியாகச் சொன்னாயாம். ஜெபித்தேன். கடிதம் கொடுக்காதே.

பூமிக்கு ஆறாயிரம் வயது என்பதை ஏற்காதவர் வேதத்தையே ஏற்காதவர் என்று உங்கள் ஐக்கியத்தில் போதிக்கிறார்கள் என்கிறாய். அந்தக் கணக்கு வேதத்தில் எந்த வசனத்தில் இருக்கிறது? அயர்லாந்தின் பேராயர் ஜேம்ஸ் அஷர் 1650-இல் வம்ச வரலாறுகளையும் ராஜாக்களின் ஆண்டுகளையும் கூட்டிக் கழித்து, கி.மு. 4004 என்று வெளியிட்டார். பிறகு அது ஆங்கில வேதாகமங்களின் ஓரத்தில் அச்சானது. ஓரத்தில் இருந்ததைப் பலர் வசனமாகவே எடுத்துக்கொண்டார்கள். ஆனால் உன்னைப்போன்ற சுவிசேஷப் பற்றுள்ளவர்களே அதை விடாப்பிடியாகப் பிடித்திருக்கவில்லை. 1909-இல் வந்த ஸ்கோஃபீல்டு வேதாகமத்தின் குறிப்பில், ஆதியாகமத்தின் முதல் வசனத்துக்கும் அடுத்ததற்கும் நடுவே எவ்வளவு நீண்ட காலத்தையும் வைத்துக்கொள்ள இடம் விட்டிருந்தார்கள். பாறை அடுக்குகள் எல்லாம் நோவாவின் ஜலப்பிரளயத்தில் படிந்தவை, பூமி இளையது என்ற போதனை அவர்களிடையே பரவலானது 1961-இல் அமெரிக்காவில் வெளிவந்த ஒரு நூலுக்குப் பிறகுதான். உன் அப்பா 1954-இல் பிறந்தவர். நீ “ஆதிச் சபையின் விசுவாசம்” என்று எழுதியிருக்கிற கொள்கையைவிட அவருக்கு வயது அதிகம்.

ஆதிச் சபையையே கேட்க வேண்டுமென்றால், அதன் பெரிய போதகர்களில் ஒருவரான அகஸ்டினைக் கேள். ஐந்தாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவர் ஆதியாகமத்துக்கு எழுதிய விளக்கத்தில், ஆறு நாட்களை நாம் அறிந்த நாட்களாக அவர் கொள்ளவில்லை. வானத்தையும் பூமியையும் பற்றி நன்றாக அறிந்த அவிசுவாசி ஒருவன் முன்னால், கிறிஸ்தவன் வேதத்தின் பெயரால் உளறினால், உயிர்த்தெழுதலைப் பற்றி அதே வேதம் சொல்வதை அவன் எப்படி நம்புவான் என்றும் கேட்டிருக்கிறார். டார்வின் பிறப்பதற்கு ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கும் முந்தைய கேள்வி இது. விஞ்ஞானிகளுக்குப் பயந்து அவர் கேட்டிருக்க முடியாது.

இன்னொன்று. ஆதியாகமத்தின் முதல் அதிகாரத்தையும் இரண்டாம் அதிகாரத்தையும் அடுத்தடுத்து வாசி. முதலில் மரம் செடிகள், பிறகு மிருகங்கள், கடைசியில் ஆணும் பெண்ணுமாக மனிதர். இரண்டாவதில் வயலில் செடி முளைக்கும் முன்பே மனிதன், பிறகு தோட்டம், பிறகு மிருகங்கள், எல்லாவற்றுக்கும் பிறகு பெண். இரண்டையும் ஒரே புத்தகத்தில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தவர்களுக்கு வாசிக்கத் தெரியாமல் இல்லை. சூரியன் உண்டானதே நான்காம் நாளில்; அதற்குமுன் மூன்று சாயங்காலமும் மூன்று விடியற்காலமும் ஆகிவிட்டன. ஓய்வுநாள் பள்ளியில் ஒவ்வோர் ஆண்டும் யாராவது ஒரு பையன் எழுந்து, காயீனுக்கு மனைவி எங்கிருந்து வந்தாள் என்று கேட்பான். “என்னைக் கண்டுபிடிக்கிறவன் எவனும் என்னைக் கொன்றுபோடுவானே” என்று காயீன் பயப்படுகிறானே, ஆதாமையும் ஏவாளையும் தவிர யார் இருந்தார்கள் என்பான். அந்தப் பையன்களை நான் உட்காரச் சொன்னதில்லை. நீயும் அவர்களில் ஒருவன்.

சரி, தேதி சொல்வதற்கு இல்லையென்றால் அந்த அதிகாரம் எதற்கு? பாபிலோனியர்களும் ஒரு சிருஷ்டிப்புக் கதை வைத்திருந்தார்கள். மர்துக் என்ற தேவன் தியாமத்தைக் கொன்று, அவள் உடலை இரண்டாகப் பிளந்து வானத்தைச் செய்தான். தேவர்களின் வேலைச்சுமையைச் சுமப்பதற்காக, தோற்றுப்போன ஒரு தேவனின் இரத்தத்திலிருந்து மனிதனை உண்டாக்கினார்கள். அந்த உலகத்தில் தேவனின் சாயல் என்றால் அது ராஜா மட்டும்தான். அவர்கள் நடுவே சிறைப்பட்டுக் கிடந்த யூத ஜனம், ஆணும் பெண்ணுமாக எல்லா மனிதரையும் தேவன் தம் சாயலாகப் படைத்தார் என்று சொல்லிக்கொண்டது எவ்வளவு துணிச்சல் என்று யோசித்துப் பார்.

நமக்கு இது எட்டாத கதையல்ல. திருவிதாங்கூரில் நம் பாட்டிகளின் பாட்டிகள் மார்பை மறைத்துத் துணி போட உரிமையில்லாமல் இருந்தார்கள். அவர்களுக்கும் ஒரு சிருஷ்டிப்புக் கதை சொல்லப்பட்டிருந்தது: புருஷனின் முகத்திலிருந்து ஒரு வர்ணம், தோளிலிருந்து ஒன்று, தொடையிலிருந்து ஒன்று, பாதத்திலிருந்து ஒன்று. அந்த உடம்பில் நம்மவர்களுக்குக் கால்விரல் நகம்கூட ஒதுக்கப்படவில்லை. நாகர்கோவில் பக்கத்து ஓலைக் கூரைச் சபைகளில் ஆதியாகமம் முதல் அதிகாரத்தைக் கேட்ட பெண்கள் பூமியின் வயதை விசாரித்திருக்க மாட்டார்கள். தங்களுக்கும் தேவசாயல் உண்டு என்பதைத்தான் அவர்கள் வீட்டுக்குக் கொண்டுபோனார்கள். குப்பாயம் என்ற மேல்சட்டையைப் போட்டதற்காகச் சந்தையில் துணி கிழிக்கப்பட்டும் மறுபடி போட்டுக்கொண்டு வந்தார்கள். 1859-இல் மார்பை மறைக்க அனுமதித்து ராஜாவின் பிரகடனம் வந்தது. அதிலும் மேல்சாதிப் பெண்களைப்போல உடுத்தக் கூடாது என்று ஒரு கொக்கி. அதே 1859-இல் லண்டனில் டார்வினின் புத்தகம் வெளிவந்தது. ஒன்று மற்றதற்குப் பகை என்று நம் வீட்டில் யாரும் எனக்குச் சொல்லித்தரவில்லை.

பகையென்றே இருந்தாலும் அதை ஒரே குடும்பத்துக்குள் வைத்திருந்தவர்கள் உண்டு. ஆறுமுக நாவலரைத் துணையாக வைத்துக்கொண்டு யாழ்ப்பாணத்தில் வேதாகமத்தைத் தமிழாக்கிய பீட்டர் பெர்சிவல் ஐயரைப் பற்றிச் சொல்லியிருக்கிறேன் அல்லவா? அவருடைய மருமகன் ராபர்ட் புரூஸ் ஃபூட். 1863 மே மாதம் பல்லாவரத்தில் கற்கோடரியைக் கண்டெடுத்து, இந்தியாவில் கற்கால மனிதன் வாழ்ந்ததை நிலைநாட்டிய நிலவியலாளர். அதே ஆண்டில் திருவள்ளூர்ப் பக்கம் அதிரம்பாக்கத்திலும் கருவிகள் கிடைத்தன. அங்கே சாந்தி பப்புவின் குழு மீண்டும் அகழ்ந்து 2011-இல் வெளியிட்ட காலக்கணிப்பின்படி, மிகப் பழைய கருவிகளுக்கு வயது ஏறக்குறைய 15 லட்சம் ஆண்டுகள். நம் இனமான ஹோமோ சேப்பியன்ஸே தோன்றாத காலம். மொராக்கோவின் ஜெபல் இர்ஹூதில் கிடைத்த, நம் இனத்தின் மிகப் பழைய எலும்புகளுக்கே சுமார் 3 லட்சம் ஆண்டுகள்தான். மாமனார் கையில் ஆதியாகமம், மருமகன் கையில் கோடரி. இருவரும் ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டு மேசையில் என்ன பேசிக்கொண்டார்கள் என்று அறிய எனக்கு ரொம்ப ஆசை. ஃபூட்டின் நினைவுக்கல் ஏற்காட்டில் ஒரு தேவாலயத்தில்தான் இருக்கிறது.

போன கோடையில் நீங்கள் பார்த்துவந்த கண்காட்சியின் படத்தை எப்சிபா அனுப்பியிருந்தாள். ஆதாமின் பிள்ளைகளுக்குப் பக்கத்தில் டைனோசர் மேய்கிறது. பறவைகள் நீங்கலான டைனோசர்கள் அழிந்து 6.6 கோடி ஆண்டுகள் ஆகின்றன. அதற்குமேல் அந்தப் படத்தைப் பற்றி நான் பேசினால் கோபம் வந்துவிடும்.

வகுப்பில் அவளுக்கு என்ன சொல்லித்தரப் போகிறார்கள் என்று உனக்குப் பயம். நான் நடத்திய பாடத்தையே சொல்கிறேன். சிம்பன்சிக்கும் கொரில்லாவுக்கும் 24 ஜோடி குரோமோசோம்கள், நமக்கு 23. ஒரு ஜோடி எங்கே போயிற்று? நம் இரண்டாம் குரோமோசோமைப் பார்த்தால், நுனியில் மட்டும் இருக்க வேண்டிய டி.என்.ஏ. வரிசை அதன் நடுவில் கிடக்கிறது. குரோமோசோமின் இடுப்புப் பகுதியைச் சென்ட்ரோமியர் என்போம்; வேலை செய்யாத இரண்டாவது சென்ட்ரோமியரின் மிச்சமும் இருக்கிறது. இரண்டு குரோமோசோம்கள் நுனியோடு நுனி ஒட்டிய தழும்பு அது. இன்னொன்று: ஆடு தனக்கு வேண்டிய வைட்டமின் சி-யைத் தன் உடம்பிலேயே தயாரித்துக்கொள்கிறது, அதற்கு நெல்லிக்காய் தேவையில்லை. நமக்கும் அந்த மரபணு இருக்கிறது, ஆனால் பழுதாகி. சிம்பன்சியிடமும் அதே மரபணு பழுதாகியே இருக்கிறது. தனித்தனியாகச் செய்த இரண்டு உயிர்களில் ஒரே பழுதை ஏன் தேவன் வைக்க வேண்டும்? “குரங்கிலிருந்து மனிதன் வந்தானா” என்று உங்கள் போதகர் கேலி செய்கிறார் என்றாய். இன்றைய குரங்கிலிருந்து யாரும் வரவில்லை. சிம்பன்சி நமக்குத் தாத்தா அல்ல. பெரியப்பா பிள்ளை வழி உறவு. பொதுவான முன்னோர் பிரிந்து அறுபது, எழுபது லட்சம் ஆண்டுகள் இருக்கும்.

“நான் பிரமிக்கத்தக்க அதிசயமாய் உண்டாக்கப்பட்டபடியால், உம்மைத் துதிப்பேன்” என்ற சங்கீதத்தை எலிசபெத்துக்குப் பிரசவமானபோது நீதான் வாசித்தாய். கரு எப்படி வளர்கிறது என்று வாரம் வாரமாக நான் கரும்பலகையில் படம் போட்டிருக்கிறேன். அதனால் தேவன் உன் மகளை உருவாக்கவில்லை என்று ஆகிவிட்டதா? ஒன்பது மாதத்தில் அவர் அப்படி வேலை செய்வார் என்று ஒப்புக்கொள்கிறவன், லட்சக்கணக்கான ஆண்டுகளில் செய்வார் என்றால் மட்டும் ஏன் அவரைத் தடுக்கிறாய்?

கடினமான இடத்துக்கு வருகிறேன். உன் கடிதத்தில் என்னை நிறுத்தியது ரோமர் ஐந்தாம் அதிகாரம்தான். ஒரே மனுஷனாலே பாவமும், பாவத்தினாலே மரணமும் வந்ததென்று பவுல் எழுதுகிறார். ஆதாம் இல்லையென்றால் கிறிஸ்து எதற்கு என்கிறாய். நியாயமான கேள்வி. மரபியல் சொல்வதும் உனக்குச் சாதகமாக இல்லை: இன்றைய மனிதரிடம் உள்ள வேறுபாடுகளைப் பார்த்தால், நம் முன்னோர் கூட்டம் வெறும் இரண்டு பேராக ஒருபோதும் சுருங்கியதாகத் தெரியவில்லை, ஆயிரக்கணக்கில் இருந்திருக்க வேண்டும். ஏற்கெனவே இருந்த மனிதர்களிலிருந்து தேவன் ஒருவனைத் தலைவனாகத் தெரிந்துகொண்டார், அவனே ஆதாம் என்று சில இறையியலாளர்கள் சொல்கிறார்கள். ஆபிரகாமை அப்படித்தானே அழைத்தார் என்பார்கள். ஆதாம் என்பது நம் ஒவ்வொருவரின் கதை என்று வேறு சிலர் சொல்கிறார்கள். என் மனம் இரண்டாவதன் பக்கம் சாய்கிறது. “எல்லா மனுஷரும் பாவஞ்செய்தபடியால்” மரணம் எல்லாருக்கும் வந்தது என்று அதே வசனம் முடிகிறதே! விலக்கப்பட்டதை எடுத்துவிட்டு அடுத்தவர்மேல் பழிபோட எனக்கு ஆதாம் கற்றுத்தர வேண்டியதில்லை. இரட்சகர் வேண்டும் என்பதற்கு நானே போதுமான சாட்சி.

பாவத்துக்கு முன் மிருகங்கள் செத்திருக்க முடியாது என்பதை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. சிருஷ்டிப்பைத் துதிக்கிற 104-ஆம் சங்கீதத்தில் பாலசிங்கங்கள் இரைக்காகக் கெர்ச்சித்து, தேவனிடத்தில் ஆகாரம் தேடுகின்றன. அது சாபம் என்று சங்கீதக்காரன் சொல்லவில்லை. ஆனாலும் இத்தனை கோடி ஆண்டு வேதனையும் அழிவும் எதற்கு என்று கேட்டால் என்னிடம் பதில் இல்லை. யோபுவுக்கும் நேரடியான பதில் கிடைக்கவில்லை. ஆறாயிரம் ஆண்டு என்று சுருக்கிக்கொண்டாலும் அந்தக் கேள்வி போய்விடாது, ஸ்டான்லி.

எதிர்ப்பக்கத்தில், மரபணுவைப் படித்துவிட்டதால் தேவன் இல்லை என்று நிரூபித்துவிட்டதாகப் பேசுகிறவர்களும் தங்கள் எல்லையைத் தாண்டுகிறவர்கள்தான். மனித மரபணுத் திட்டத்தை வழிநடத்திய பிரான்சிஸ் காலின்ஸ் ஒரு சுவிசேஷக் கிறிஸ்தவர். எப்சிபாவுக்கு அப்படி ஓர் ஆசிரியர் வாய்த்தால், வீட்டில் வந்து உன்னிடம் கேட்பாள். கேட்கும்படி அவளை வை. விலக்குக் கடிதம் கொடுத்தால் உன்னிடம் கேட்க மாட்டாள். கல்லூரிக்குப் போன பிறகு தனியாகப் படித்து, நீ பயந்துவிட்டாய் என்று முடிவு செய்வாள். இந்த ஊரில் அப்படிப் போன பிள்ளைகளை எனக்குத் தெரியும்.

டிசம்பரில் வரும்போது சென்னையில் இரண்டு நாள் தங்குகிற மாதிரி டிக்கெட் போடு. பூண்டி நீர்த்தேக்கத்துக்குப் பக்கத்தில் தொல்லியல் துறையின் அகழ்வைப்பகம் இருக்கிறது. அவளை நானே கூட்டிக்கொண்டுபோகிறேன்.

அப்பா இந்தக் கடிதத்தை வாசித்தார். ரோமரைப் பற்றிய பத்தி அவருக்கு ஒப்பவில்லை. ஆதாம் ஒரு ஆள்தான் என்கிறார். உனக்குத் தனியாக எழுதுவாராம். ஆனால் விலக்குக் கடிதம் வேண்டாம் என்பதில் அவரும் என் பக்கம்.

அன்புடன்,
அம்மா