பாபிலோன் ஆறுகள் அருகே

ஸ்டுட்கார்ட்,
ஜனவரி 18

அன்புள்ள அம்மாவுக்கு ஸ்தோத்திரம்.

உங்கள் கடிதம் வந்து மூன்று வாரமாகிறது. பதில் போடாதது என் தப்புதான். நன்றாக இருக்கிறேன், வேளாவேளைக்குச் சாப்பிடுகிறேன். குளிர்தான் காதை அறுக்கிறது. பழைய கோட்டே தாங்குகிறது, புதிது எதற்கு?

மேல்மாடிப் பாட்டியைப் பற்றி எழுதியிருந்தேனே, படிக்கட்டு கழுவும் முறை வந்தால் கதவைத் திறந்துவைத்து இசைத்தட்டு போடுவாரே, அவர்தான். முள் குதிக்காமலிருக்க அதன் தண்டில் ஒரு பழைய காசை ஒட்டியிருக்கிறார். எப்போதும் ஒரே பாட்டு: போனி எம் குழுவின் 'ரிவர்ஸ் ஆஃப் பாபிலோன்'. 1978இல் இங்கே 17 வாரம் முதலிடத்தில் இருந்த பாட்டு. அந்தக் கோடையில் கணவரோடு ஆடியதை, ஈரத் துடைப்பானைப் பிடித்தபடியே ஆடிக் காட்டினார்.

அம்மா, அது நீங்கள் சாயங்கால ஜெபத்தில் வாசிக்கும் 137ஆம் சங்கீதம், பாபிலோனுக்குச் சிறைப்பட்டுப் போன யூதர்கள் சொந்த ஊரை நினைத்து அழுவது! டிஸ்கோ தாளத்தில் எனக்கு முதலில் பிடிபடவில்லை. நடுவே 19ஆம் சங்கீதத்தின் கடைசி வசனமும் வருகிறது. போனி எம்முக்காகத் தயாரித்தவர் பிராங்க் ஃபாரியன் என்ற ஜெர்மன்காரர். ஆனால் பாட்டு ஜமைக்காவினுடையது. மெலோடியன்ஸ் என்ற குழு 1970இலேயே பாடியது. ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்டவர்களின் சந்ததிதான் ஜமைக்கா மக்களில் பெரும்பாலோர். அங்குள்ள ரஸ்தஃபாரிகள் என்ற சமயத்தார் தங்களை ஒடுக்கும் ஆட்சியைத்தான் பாபிலோன் என்கிறார்கள். போனி எம்மில் பாடிய லிஸ் மிட்செலும் ஜமைக்காவில் பிறந்தவர். வெறும் ஆட்டப் பாட்டு என்று இதை ஒதுக்குகிறவர்கள் அவர் குரலைக் கேட்கவில்லை என்றுதான் சொல்வேன்.

போன சனிக்கிழமை, "உன் மொழியில் சொல், கேட்போம்" என்றார் பாட்டி. படியில் உட்கார்ந்தேன். "பாபிலோன் ஆறுகள் அருகே நாங்கள் உட்கார்ந்து, அங்கே..." அதற்கு மேல் வாய் வரவில்லை. உங்கள் குரல்தான் காதில் கேட்டது. அவர் ஒன்றும் கேட்காமல் முள்ளைத் தூக்கி மறுபடி முதலில் வைத்தார்.

அப்பாவின் நாற்காலி இன்னும் திண்ணையில்தான் கிடக்கிறதா? மழையில் நனையவிடாதீர்கள்.

தங்கச்சியின் நர்சிங் கட்டணம் அடுத்த மாதம் பத்தாம் தேதிக்குள் வந்துவிடும். இந்த மாதம் கொஞ்சம் தாமதம், வேறொன்றுமில்லை. ஞாயிற்றுக்கிழமையும் வேலைக்குப் போகிறேன், சும்மா இருந்தால் பொழுது போவதில்லை. வடக்கு எல்லைக் கல்லைச் சித்தப்பா நகர்த்தச் சொன்னால், சர்வேயர் வந்து அளக்காமல் சம்மதிக்க வேண்டாம். பத்திர நகல் இரும்புப் பெட்டியில், ஞானஸ்நானச் சீட்டுக்கு அடியில் இருக்கிறது. தேங்காய் வெட்டிய காசு வந்துவிட்டதா என்று எழுதுங்கள்.

உங்கள் மகன்
ராஜன்