அறுபது நாள் என்று சட்டம் சொல்கிறது

சென்னை உயர் நீதிமன்றத்தின் மாண்பமை தலைமை நீதிபதி அவர்களுக்கு,

வணக்கம். குடும்ப நீதிமன்றங்களில் வழக்குகள் மலைபோலத் தேங்கிக் கிடப்பது தாங்கள் அறியாததல்ல. நீதிபதிகள் போதவில்லை, கூடுதல் நீதிமன்றங்கள் வேண்டும் என்றெல்லாம் பலரும் எழுதிவிட்டார்கள். நான் கேட்பது அதைவிடச் சிறியது. வழக்கு முடியும்வரை செலவுக்குப் பணம் கேட்கும் இடைக்கால ஜீவனாம்ச மனுவை மட்டுமாவது வாய்தாவிலிருந்து காப்பாற்றுங்கள்.

விவாகரத்து வருடக்கணக்கில் இழுத்தாலும் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்துவிடலாம். வீட்டு வாடகையும் பள்ளிக் கட்டணமும் அப்படிக் காத்திருக்குமா? அதனால்தான் 2001இல் இந்து திருமணச் சட்டத்தின் 24ஆம் பிரிவையும் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125ஆம் பிரிவையும் திருத்தி, எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் சேர்ந்த நாளிலிருந்து இயன்றவரை 60 நாளுக்குள் இடைக்கால மனுவை முடிக்கச் சொன்னார்கள். 2024 ஜூலையில் குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாகப் புதிய சட்டம் (பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா) நடைமுறைக்கு வந்து 125ஆம் பிரிவு 144ஆம் பிரிவானது. அறுபது நாள் மட்டும் மாறவில்லை.

நடப்பது வேறு. முதல் தேதியில் சம்மன் திரும்பி வந்திருக்காது. அடுத்த தேதியில் எதிர்த்தரப்பு வக்கீல் வக்காலத்து போட நேரம் கேட்பார், அதற்கடுத்து கவுன்ட்டர், அதாவது பதில் மனு போட. அதற்குள் கவுன்சிலிங்குக்கு அனுப்பிவிடுவார்கள். அது முடியும்வரை பணப் பேச்சே எடுக்கக் கூடாது என்பது எழுதாத விதி. 1984ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றச் சட்டம் 9ஆம் பிரிவில் சமரசத்துக்கு முயலச் சொல்கிறது, சரி. அதற்காகச் சாப்பாட்டுக்கான மனுவை மூட்டை கட்டி வைக்கச் சொல்லவில்லையே!

ஜவுளிக்கடையில் நின்று வேலை பார்க்கும் ஒரு பெண்ணோடு குடும்ப நீதிமன்றத்துக்குப் போயிருந்தேன். அரை நாள் லீவு கேட்டு வந்தவர். காலையில் டவாலி பெயரைக் கூப்பிட்டதும் எழுந்து ஓடினார். எதிர்த்தரப்பு வக்கீல் வேறு கோர்ட்டில் இருக்கிறாராம், 'பாஸ் ஓவர்', பிறகு கூப்பிடுவார்களாம். திரும்பக் கூப்பிடும்போது இல்லாவிட்டால் மனு தள்ளுபடியாகிவிடுமே என்று டீ குடிக்கக்கூட வெளியே போகவில்லை. மாலை மூன்றரைக்கு பெஞ்ச் கிளார்க் அடுத்த தேதியைச் சொன்னார். முழுநாள் சம்பளம் போனதுதான் மிச்சம்.

ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் 2020இலேயே உச்ச நீதிமன்றம் வழி காட்டிவிட்டது. இரு தரப்பும் சொத்து, வருமான விவரத்தைப் பிரமாணப் பத்திரமாகத் தர வேண்டும். அதைத் தாக்கல் செய்யாமல் இரண்டு வாய்தாவுக்கு மேல் கேட்டு வேண்டுமென்றே இழுத்தடித்தால், எதிர்மனுதாரரின் எதிர்வாதத்தையே நீக்கிவிடலாம். இந்த அதிகாரத்தை எடுத்துப் பயன்படுத்திய நீதிபதியை நான் இன்னும் பார்க்கவில்லை. நான் பார்த்ததெல்லாம் 'வேலை இல்லை' என்று ஒரு வரி எழுதி, வங்கிக் கணக்கு விவரம் எதையும் இணைக்காத பத்திரங்கள்தான்.

உத்தரவு வந்தாலும் கதை முடிவதில்லை. மனு போட்ட நாளிலிருந்து கணக்கிடுவதால், வழக்கு இழுத்த காலமெல்லாம் பாக்கியாக ஏறி நிற்கும். 144ஆம் பிரிவின்படி, பாக்கி சேர்ந்த ஓராண்டுக்குள் மனு போட்டால்தான் அதை வசூலிக்க வாரண்ட் கிடைக்கும். ஆக மறுபடி ஒரு மனு, மறுபடி ஒரு நம்பர், மறுபடி சம்மன். பணம் கட்டாதவர் வீட்டில் இருக்க, கிடைக்காதவர்தான் கோர்ட்டுக்கு அலைகிறார்.

இதற்குப் புதிய சட்டம் எதுவும் தேவையில்லை. குடும்ப நீதிமன்றம் தன் நடைமுறையைத் தானே வகுத்துக்கொள்ள குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 10ஆம் பிரிவு இடம் தருகிறது. தங்களிடமிருந்து ஒரு சுற்றறிக்கை போதும். கவுன்சிலிங் ஒரு பக்கம் நடக்கட்டும், ஜீவனாம்ச மனு மறுபக்கம் நகரட்டும். காலையில் எல்லோரையும் வரவழைத்து உட்கார வைக்காமல் நேரம் குறித்துக் கூப்பிடட்டும். முக்கியமாக, அறுபது நாள் தாண்டிய இடைக்கால மனுக்களின் பட்டியலை, எந்தக் காரணத்துக்காக வாய்தா தந்தோம் என்ற குறிப்போடு, ஒவ்வொரு குடும்ப நீதிமன்றமும் மாதாமாதம் தங்கள் பதிவாளருக்கு அனுப்பச் சொல்லுங்கள். கட்சிக்காரர்களின் பெயரை நீக்கிவிட்டு அதை வெளியிட்டால் நாங்களும் பார்த்துக்கொள்வோம்.

இப்படிக்கு,
குடும்ப நீதிமன்றங்களுக்குப் பெண்களோடு துணைக்குச் சென்றுவரும் ஒரு சமூகப் பணியாளர்